236 நொடிப் பாட்டு: காலவரைஞர் குழாத்துக்குச் சடங்குப் பண் எழுதுவது எப்படி?

வானத்தைப் பார்த்துக் காலத்துக்கு வரைபடம் போடும் கணியர்கள், அவர்களுக்கென்று ஒரு குழாம். அப்படி ஒன்று உலகத்தில் இல்லை. கதையில் இருக்கலாம், நாடகத்தில் இருக்கலாம், நாலு பேர் உட்கார்ந்து ஆடும் கற்பனை விளையாட்டில் இருக்கலாம். இப்படி ஒரு குழாத்தை உருவாக்குகிறவர்கள் கொடி, அங்கி, உறுதிமொழி, பதவிப் பெயர்கள் எல்லாவற்றையும் ரசித்து ரசித்துச் செய்வார்கள். பாட்டு மட்டும் கடைசி ராத்திரி அரைமணி நேரத்தில் எழுதப்படும். "காலமெனும் பேராறு கரைபுரண்டு ஓடுதே" என்று ஆரம்பிக்கும். கேட்பவர் அடுத்த வரியிலேயே கவனத்தை விட்டுவிடுவார்.

அந்த அரைமணி நேரப் பாட்டுக்கு மாற்றாக ஒரு வழியை இங்கே படிப்படியாகச் சொல்கிறேன். காலத்தை அளக்கும் குழாத்தின் பாட்டு, தானே ஒரு அளவுகோலாக இருக்க வேண்டும் என்பதுதான் இதன் அடிப்படை. காலத்தின் பெருமையைப் பாடினால் மட்டும் போதாது. பாடி முடித்தால் ஏதோ ஒன்று அளக்கப்பட்டிருக்க வேண்டும்.

முதல் படி: பாட்டுக்கு ஒரு வேலை கொடுங்கள்

பாட்டு கடிகாரமாக இருப்பது விசித்திரமான யோசனை ஒன்றும் இல்லை. கலிலியோ சரிவுப் பலகையில் உருண்டையை உருட்டியபோது, சம இடைவெளிகளைப் பிடிக்கத் தாளத்தையே நம்பியிருக்கலாம் என்று அறிவியல் வரலாற்றாசிரியர் ஸ்டில்மன் டிரேக் 1970களில் வாதிட்டார். தானே ஒரு நடைப்பாட்டைப் பாடிச் சோதித்தும் பார்த்தார். கலிலியோவின் அப்பா வின்சென்சோ, லூட் என்னும் நரம்புக்கருவி வாசித்த இசைக்காரர், ஆகவே அந்தக் காதும் கையும் வீட்டிலேயே இருந்தன. நம் பக்கத்தில் முல்லைப்பாட்டைப் பாருங்கள். பாசறையில் இருக்கும் அரசன் முன்னால் பொழுதை அளந்தறிகிறவர்கள் வந்து நிற்கிறார்கள், அவனை வாழ்த்துகிறார்கள், நீர்க்கடிகாரம் இத்தனை நாழிகை காட்டுகிறது என்று அறிவிக்கிறார்கள். வாழ்த்தும் கணக்கும் ஒரே மூச்சில் வருகின்றன. நமக்கு வேண்டிய முன்மாதிரி இதுதான்.

சரி, நம் பாட்டு எதை அளக்கும்?

ஒரு சின்னச் சோதனை செய்யுங்கள். ஒரே இடத்தில் கண்ணை வைத்து, ஒரு விண்மீன் சுவர் விளிம்புக்குப் பின்னால் மறையும் நேரத்தைக் கடிகாரத்தில் குறியுங்கள். மறுநாள் அதே இடம், அதே மீன். ஏறக்குறைய நாலு நிமிஷம் முன்னதாகவே மறைந்துவிடும். அடுத்த நாள் இன்னும் நாலு நிமிஷம் முன்னால். பூமி தன்னைத்தானே ஒரு முழுச்சுற்று சுற்ற 23 மணி 56 நிமிஷம் 4 நொடிதான் ஆகிறது. அதற்குள் சூரியனைச் சுற்றும் பாதையிலும் கொஞ்சம் நகர்ந்திருப்பதால், சூரியனை மறுபடி நேருக்கு நேர் பார்க்க இன்னும் சிறிது திரும்ப வேண்டியிருக்கிறது. அந்தச் 'சிறிது' 3 நிமிஷம் 56 நொடி.

மீன் சொல்லும் நாளுக்கும் சூரியன் சொல்லும் நாளுக்கும் நடுவே கிடக்கும் இந்த 236 நொடி இடுக்கில்தான் நம் பாட்டு உட்காரப் போகிறது. குழாம் தனக்கென்று தேர்ந்தெடுத்த விண்மீன்தான் காவல் மீன். தலைக்கு மேலே வடக்கு தெற்காக ஓடும் கற்பனைக் கோடு உச்சிக்கோடு. காவல் மீன் உச்சிக்கோட்டைத் தொடும் கணத்தில் பாட ஆரம்பிக்கிறார்கள். பாட்டு முடியும்போது, நேற்று அதே மீன் உச்சிக்கோட்டைத் தொட்ட கடிகார நேரம் வந்திருக்கும். பாட்டின் நீளமே அந்த இடுக்கின் அளவு.

இன்னொரு கணக்கையும் போட்டுப் பார்த்தேன். தினமும் 3 நிமிஷம் 55.91 நொடி வீதம் ஒரு வருஷம், அதாவது 365.24 நாள் பாடினால், பாடிய நேரம் மொத்தம் 86,164 நொடி. அது சரியாக ஒரு மீன்நாள். சூரியக் கணக்கில் வருஷத்துக்கு 365 நாள்தான், ஆனால் பூமி சுற்றுவதோ 366 சுற்று. எந்த நாட்காட்டியிலும் ஏறாத அந்த ஒரு சுற்றைக் குழாம் பாடித் தீர்க்கிறது. இந்த எண் கிடைத்தபோது எழுந்து இரண்டு நடை நடந்துவிட்டு வந்துதான் மேற்கொண்டு எழுதினேன்.

இரண்டாம் படி: நீளத்தைத் தமிழ்க் கணக்கில் உடையுங்கள்

236 நொடியைக் கையில் வைத்துக்கொண்டு திகைக்க வேண்டாம். பழைய கணக்கில் ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 60 விநாழிகை. நாழிகை 24 நிமிஷம் என்பது பலருக்கும் தெரியும். விநாழிகை 24 நொடி என்பது அவ்வளவாக யாருக்கும் நினைவில் இருக்காது.

இப்போது யாப்பைப் பாருங்கள். அறுசீர் விருத்தம் ஒன்றில் அடிக்கு 6 சீர், 4 அடி. மொத்தம் 24 சீர். சீருக்கு ஒரு நொடி என்று வைத்தால் ஒரு விருத்தம் ஒரு விநாழிகை! பத்து விருத்தம் சேர்ந்த பதிகம் 240 நொடி. நமக்கு வேண்டியது 236. நாலு சீர் கூடுதல்.

அந்த நாலு சீரைப் பத்தாம் பாட்டின் கடைசி அடியிலிருந்து வெட்டிவிடுங்கள். கடைசி அடியில் இரண்டு சீர் மட்டும் பாடி, வாக்கியம் முடியாமல் நிறுத்த வேண்டும். எப்படி நிறுத்துவது என்பதைப் பின்னால் சொல்கிறேன். வழிகாட்டியில் கஷ்டமான இடம் அதுதான்.

நாலு நிமிஷப் பாட்டு என்றால் சபையில் கால் வலிக்கும் என்பீர்கள். உண்மைதான். இந்திய நாட்டுப்பண்ணையே 52 நொடியில் முடிக்கிறார்கள், குறுவடிவம் 20 நொடி. ஆகவே குழாத்துக்கும் குறுவடிவம் வைத்துக்கொள்ளுங்கள். முதல் பாட்டும் பத்தாம் பாட்டும் மட்டும், 44 நொடி. கூட்டம் தொடங்கவும் விருந்தினர் வரவேற்கவும் அது போதும். முழுப் பதிகம் ராக்காவல் இருப்பவருடையது. அவர் தினமும் தனியாகப் பாடுவார். பெரிய சடங்குகளில் மட்டும் எல்லாரும் சேர்ந்து.

மூன்றாம் படி: காவல் மீனைத் தேர்ந்தெடுங்கள்

என் முதல் வரைவில் வியாழனை வைத்திருந்தேன். பளிச்சென்று தெரியும், சொல்லவும் அழகு. எழுதி முடித்த பிறகுதான் உறைத்தது: கோள் நகரும். அது நாளுக்கு நாள் முந்தும் நேரமும் ஒரே மாதிரி இருக்காது, பாட்டு பொருந்தாது. மீனைத்தான் எடுக்க வேண்டும்.

ஒரே மீன் வருஷம் முழுக்க இரவில் உச்சிக்கு வராது. நாலு மீன் வைத்துக்கொள்ளுங்கள்: ஆதிரை, மகம், சுவாதி, திருவோணம். ஒன்று பகலுக்குள் நழுவுவதற்கு முன் அடுத்தது இரவில் ஏறியிருக்கும். காவல் மாறும் இரவில் மட்டும் இரண்டு மீனின் நேரத்தையும் குறித்துவிட்டால் தொடர்ச்சி அறுகாது. கதையில் இது ஒரு சடங்காகவே ஆகிவிடும்: "சுவாதி திருவோணத்திடம் ஒப்படைத்த ராத்திரி."

உச்சிக்கோட்டைக் காண பெரிய கருவி எதுவும் வேண்டாம். வடக்கு தெற்காக இரண்டு தூக்குநூல்கள் கட்டி, இரண்டும் ஒன்றாகத் தெரியும்படி கண்ணை வைத்தால், மீன் நூலைத் தொடும் கணம் தெரியும். ஒரே எச்சரிக்கை, 'நேற்றைய நேரம்' என்பதைச் சூரியக்கடிகாரத்தில் பார்க்கக்கூடாது. சூரியன் ஒரு உச்சியிலிருந்து அடுத்த உச்சிக்கு வர எடுக்கும் நேரம் டிசம்பரில் 24 மணியை விட அரை நிமிஷம்போல் கூடும், செப்டம்பரில் குறையும். சராசரி நேரம் காட்டும் கடிகாரம்தான் வேண்டும்.

நான்காம் படி: பத்துப் பாட்டுக்கும் பொருள் பிரியுங்கள்

எழுத உட்காரும் முன் ஒவ்வொரு விருத்தத்துக்கும் ஒரே ஒரு பொருள் ஒதுக்குங்கள். 24 சீரில் இரண்டு பொருள் அடங்காது.

முதல் பாட்டு மீன் முந்துவதைச் சொல்லட்டும், அது குழாத்தின் அடையாளம். இரண்டாவது பழைய ஒளி. சூரிய ஒளி நம்மிடம் வர 8 நிமிஷம் 20 நொடி. சுவாதியின் ஒளி 37 வருஷப் பழசு. ஆந்திரமேடா மண்டலத்தின் ஒளி 25 லட்சம் வருஷத்துக்கு முன்னால் கிளம்பியது. வானத்தைப் பார்ப்பது என்றால் ஒரே சமயத்தில் பல காலங்களைப் பார்ப்பது. காலவரைஞர் என்ற பெயரே இதற்காகத்தான் என்று வைத்துக்கொள்ளலாம். மூன்றும் நான்கும் நிலா: 19 வருஷத்தில் 235 நிலாமாதம் வந்து, பிறை பழைய தேதிக்கே திரும்புவது ஒன்று. 18 வருஷம் 11 நாள் 8 மணி கழித்துக் கிரகணம் திரும்புவது மற்றொன்று. அந்த உபரி 8 மணியில் பூமி மூன்றில் ஒரு பங்கு திரும்பிவிடுவதால் நிழல் வேறு ஊரின்மேல் விழும். "கிரகணம் திரும்பி வந்தது, ஆனால் நம் வாசலுக்கு வரவில்லை" என்பதில் நல்ல கவிதை இருக்கிறது.

ஐந்தாவது தொலைந்த பத்து நாள். 1582இல் புதிய நாட்காட்டிக்கு முதலில் மாறிய நாடுகளில் அக்டோபர் 4க்கு மறுநாள் அக்டோபர் 15. நடுவில் இருந்த தேதிகளில் யாரும் பிறக்கவும் இல்லை, சாகவும் இல்லை. இதை வேடிக்கையாக எழுதலாம். பத்திலும் ஒரு பாட்டாவது சிரிக்க வேண்டும், இல்லையென்றால் முழுப் பதிகமும் இரங்கற்பா மாதிரி ஆகிவிடும். ஆறாவது கோள்கள்: 12 வருஷத்தில் ஒரு சுற்று வரும் வியாழன், 29 வருஷத்துக்கு மேல் எடுக்கும் சனி. இதில் புதிதாகச் சொல்ல அதிகம் இல்லை, பளபளப்பாக எழுதிவிட்டு நகருங்கள். ஏழாவது அயனச் சலனம். பூமியின் அச்சு பம்பரம்போல் தலைசுற்றி ஒரு வட்டம் வர ஏறக்குறைய 26,000 வருஷம். 72 வருஷத்துக்கு ஒரு பாகை. ஒரு கணியர் தன் ஆயுள் முழுக்கப் பார்த்தால் வானம் ஒரு பாகை நகர்ந்திருக்கும், அவ்வளவுதான்.

எட்டாவது பாட்டில்தான் நிறைய நேரம் செலவிடச் சொல்வேன். எட்மண்ட் ஹாலி, 1682இல் தான் பார்த்த வால்மீன் 1758 வாக்கில் திரும்பும் என்று கணித்தார். 1742இல் இறந்துபோனார். 1758 டிசம்பரில் வால்மீன் வந்தது. காலத்தை வரைகிற தொழிலின் வலியும் கௌரவமும் இந்த ஒரு சம்பவத்தில் இருக்கின்றன: கணக்கு சரி என்று தெரிந்துகொள்ளக் கணக்குப் போட்டவர் இருக்கமாட்டார். நான் எழுதிய முதல் இரண்டு அடி இது:

முன்னவர் சொன்ன நாளில் மூண்டது வானில் தீயே
சொன்னவர் இல்லை அந்தச் சுடரினைப் பார்ப்ப தற்கே

பெயர் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். ஹாலி என்று பெயர் வைத்தால் அது ஒருவருடைய கதையாகிவிடும். 'சொன்னவர்' என்றால் குழாத்தில் இறந்துபோன எல்லாரும் அதற்குள் வந்துவிடுவார்கள். சடங்கில் இந்தப் பாட்டு வரும்போது, அந்த வருஷம் இறந்தவரின் குறிப்பேட்டை யாராவது கையில் ஏந்தி நிற்கட்டும். வேறு எந்த ஆடம்பரமும் தேவைப்படாது.

ஒன்பதாவது பிழை ஒப்புதல். பூமியே சீராகச் சுற்றுவதில்லை. அணுக்கடிகாரத்தோடு அதை ஒத்துவைக்க 1972 முதல் 27 முறை ஒரு நொடி கூடுதலாகச் செருகியிருக்கிறார்கள், கடைசியாக 2016 முடிவில். தன் குறையைத் தானே பாடும் குழாம் நம்பத்தகுந்ததாகத் தெரியும். தன்னைப் புகழ்ந்துகொண்டே போகும் பண்ணைக் கேட்டால் எனக்குச் சந்தேகம்தான் வரும். பத்தாவது முடிவுப் பாட்டு, அதை ஏழாம் படியில் பார்ப்போம்.

ஐந்தாம் படி: ஓசைச் சட்டம்

விருத்தத்தில் பல வாய்பாடுகள் உண்டு. எளிதில் நாக்கில் ஏறுவது விளம் மா தேமா, மறுபடி விளம் மா தேமா. விளம் என்றால் 'பொழுதினை', 'வானிலே' போல நிரையசையில் முடியும் ஈரசைச் சீர். மா என்றால் 'அளந்து', 'பார்த்தோம்' போல நேரசையில் முடிவது. அதிலும் 'பார்த்தோம்' போல இரண்டு அசையும் நேராக இருந்தால் தேமா. இலக்கணம் பிடிபடவில்லை என்றால் "பொழுதினை அளந்து பார்த்தோம்" என்பதைப் பத்துமுறை கை தட்டிச் சொல்லிவிட்டு அதே ஓட்டத்தில் எழுதுங்கள். காது தவறைக் காட்டிக்கொடுக்கும்.

எதுகை நாலடிக்கும் ஒன்றே. மோனை முதல் சீருக்கும் நாலாம் சீருக்கும். இவற்றை அலங்காரம் என்று நினைக்காதீர்கள். இருட்டில், ஏடு இல்லாமல் பாடுகிறவருக்கு அடுத்த அடியை எடுத்துக் கொடுப்பது எதுகை, பாதி அடியில் தடுமாறினால் மீட்பது மோனை. பத்துப் பாட்டுக்கும் அந்தாதி வையுங்கள்: ஒன்றின் கடைசிச் சொல்லில் அடுத்தது தொடங்கட்டும். பாட்டின் வரிசை மறக்காது. திரும்பத் திரும்ப வருவதையே தொழிலாகப் பார்க்கிறவர்களுக்கு இதைவிடப் பொருத்தமான வடிவமும் இல்லை.

ஆறாம் படி: முதல் பாட்டை எழுதுவது, கிட்டப் போய்

முதலில் எழுதியது "விண்மீன்கள் நமக்கென்றும் வழிகாட்டும் விளக்குகளாம்" என்று ஒரு வரி. ஒரு சோதனை வைத்திருக்கிறேன்: இந்த வரியை மாலுமிகள் சங்கம் பாட முடியுமா? தாராளமாகப் பாடலாம். அடித்துவிட்டேன். அடுத்தது "கடிகாரம் நின்றாலும் கணியர்நாம் நிற்பதில்லை". இதைக் கடிகாரக் கடைக்காரர் விளம்பரமாகப் போடலாம். அதையும் அடித்தேன்.

பிறகு பொருளை விட்டு ஓசையைப் பிடித்தேன். எந்த எதுகையில் இந்தத் தொழிலின் சொற்கள் அதிகம் விழுகின்றன? 'ழு' என்று வைத்துப் பாருங்கள்: பொழுது, எழு, விழு, எழுது, தொழு, வழு, பழுது, முழுமை. பொழுதைப் பார்க்கிறோம், மீன் எழுகிறது, விழுகிறது, எழுதி வைக்கிறோம், வழு வராமல் காக்கிறோம். குழாத்தின் மொத்த வேலையையும் தமிழ் ஒரே எதுகையில் அடுக்கி வைத்திருக்கிறது. இதைக் கண்டுபிடித்த பிறகு பாட்டு ஒரு மாலையில் வந்துவிட்டது:

பொழுதினை அளந்து பார்த்தோம் புலரியின் ஓரம் நின்றே
எழுதுகோல் ஓய்ந்தி டாமல் இரவெலாம் புள்ளி வைத்தோம்
விழுமொரு மீனும் நாளை விரைந்துமுன் எழுதல் கண்டோம்
வழுவிலா வானம் சொல்ல வரைந்ததே எங்கள் ஏடு

இரண்டாம் அடியில் 'ஓய்ந்திடாமல்' இரண்டாகப் பிளந்து நிற்கிறது. வகையுளி. ஒரு விருத்தத்தில் ஒன்று பரவாயில்லை, மூன்று வந்தால் எழுதியவருக்குச் சொல் கிடைக்கவில்லை என்று அர்த்தம். 'புள்ளி வைத்தோம்' என்ற இடத்தில் முதலில் 'காவல் நின்றோம்' என்று இருந்தது. கம்பீரம்தான், ஆனால் காவல் யாரும் நிற்கலாம். புள்ளி வைப்பவர்கள் இவர்கள் மட்டும்தான். மூன்றாம் அடிதான் பாட்டின் உயிர்: இன்று விழுகிற மீன் நாளை முந்தி எழும். அதாவது, பாட்டு எதை அளக்கிறதோ அதைப் பாட்டே சொல்லிவிடுகிறது.

'ஏடு' என்று முடிகிறது, ஆகவே இரண்டாம் பாட்டு "ஏட்டினில் உள்ள தெல்லாம் இன்றைய ஒளியே அல்ல" என்று பழைய ஒளிக்குள் நேராக இறங்கிவிடும்.

சொற்களைப் பற்றி ஒன்று. கன்னல், ஓரை, மண்டிலம் போன்ற பழைய சொற்கள் ஆசை காட்டும். பாட்டுக்கு ஒன்று போதும். அதே சமயம் 'சுழற்சி வேகம்', 'ஒளியாண்டு' என்று பாடப்புத்தகம் பேசினாலும் சபை தூங்கிவிடும். எண்களைப் பாட்டுக்குள் கொண்டுவராதீர்கள், எண் பாட்டின் உடம்பிலேயே இருக்கிறது.

ஏழாம் படி: முடிக்காமல் முடிப்பது

அந்தாதியில் கடைசிப் பாட்டின் முடிவு முதல் பாட்டின் தொடக்கத்தைத் தொட வேண்டும். மண்டலித்தல் என்பார்கள். நமக்கோ கடைசி நாலு சீர் இல்லை. ஆகவே சொல்லை மண்டலிக்க விடாமல் வாக்கியத்தை மண்டலிக்க விட்டேன்:

சிறுகுறை இருக்கும் என்றும் சீரிலே நான்கு விட்டோம்
இறுதியென் றெதுவும் இல்லை ஏட்டிலே இடமும் உண்டு
உறுதுணை மீனே நாளை ஒருபடி முந்தி ஏறும்
மறுபடி வந்து

அவ்வளவுதான். 'வந்து' என்பது எச்சம். அதன் முற்று எங்கே? மறுநாள் ராத்திரி, முதல் அடியில்: "பொழுதினை அளந்து பார்த்தோம்." ஒவ்வொரு இரவும் நேற்றைய வாக்கியத்தை முடித்துவிட்டு, இன்றைய வாக்கியத்தை அந்தரத்தில் விட்டுவிட்டுப் போகிறது. குழாத்தின் முதல் இரவில் மட்டும் பாட்டு எந்த எச்சத்துக்கும் பதில் சொல்லாமல் தொடங்கியிருக்கும். கதை எழுதுகிறவர்களுக்கு அது ஒரு தனி அத்தியாயம்.

நீங்கள் வேறு சொற்களில் எழுதினாலும் இலக்கணம் இதுதான்: பத்தாம் பாட்டு வினையெச்சத்தில் நிற்க வேண்டும், முதல் பாட்டில் ஒரு முற்று அதற்காகக் காத்திருக்க வேண்டும். பெயரெச்சத்தில் நிறுத்திப் பார்த்தேன், 'மறுபடி வந்த' என்று. பாடுகிறவர் வரியை மறந்துவிட்டார்போல் ஒலித்தது.

எட்டாம் படி: மெட்டும் தாளமும்

விருத்தத்தை வழக்கமாகத் தாளம் இல்லாமல் இழுத்துப் பாடுவார்கள். இங்கே அது ஆகாது. ஆறு எண்ணிக்கை ரூபக தாளம் ஒரு அடிக்குச் சரியாக உட்காரும், சீருக்கு ஒரு தட்டு. மெட்டு ஒரு ஸ்தாயிக்குள் அடங்கட்டும். அமெரிக்க நாட்டுப்பண் ஒன்றரை ஸ்தாயிக்கு விரிவதால்தான் மைதானத்தில் பாதிப் பேர் மேலே எட்டமுடியாமல் விட்டுவிடுகிறார்கள். மோகனம்போல் ஐந்து சுரத்தில் ஒன்றை எடுத்தால் பயிற்சி இல்லாத குரலும் சேர்ந்துகொள்ளும். பிருகா என்னும் வேகக் குரல் உருட்டல் வேண்டாம், சுரத்தில் சறுக்கினால் நொடியிலும் சறுக்கும். மூன்றாம் சீர் எப்போதும் தேமா என்பதால் அங்கே குரல் சற்று நின்று மூச்சு எடுக்கலாம், ஆனால் தட்டைத் தள்ளிப்போடாமல்.

'மறுபடி வந்து' என்பதை ஆதார சுரத்தில் இறக்கிவிடாதீர்கள். பஞ்சமத்தில் தொங்கவிடுங்கள். மறுநாள் 'பொழுதினை' ஆதாரத்தில் தொடங்கட்டும். ஒரு நாள் இடைவெளி விட்டு ஒரு சங்கதி முடியும்.

ஒன்பதாம் படி: ஒத்திகையும் பிழைக்கணக்கும்

நூலில் ஒரு கல்லைக் கட்டித் தொங்கவிடுங்கள். தொங்கும் புள்ளியிலிருந்து கல்லின் நடுவரை 99 செ.மீ.க்குச் சற்று மேல் இருந்தால், ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் போக ஒரு நொடி. இதைவிட மலிவான தாளக்கருவி கிடையாது, மேடையில் பார்க்கவும் அழகு. மீட்டர் நீள ஊசலின் கீழ் பத்துப் பேர் நின்று பாடும் காட்சியை ஒருமுறை கற்பனை செய்து பாருங்கள்.

முதல் ஒத்திகையில் யாருக்கும் 236 வராது. கூட்டமாகப் பாடினால் இழுபடும். தனியாகப் பாடுகிறவர் பதற்றத்தில் ஓடுவார். ஒவ்வொருவரும் பத்துமுறை பாடி நேரத்தை எழுதி வைக்கட்டும். ஒருவர் எப்போதும் 240இல் முடித்தால் அவருக்கு நாலு நொடி மந்தம் என்று அவர் பெயருக்கு நேரே குறித்துக்கொள்ள வேண்டும், திட்டக்கூடாது. இதற்குப் பின்னால் நிஜ வரலாறு உண்டு. அந்தக் காலத்தில் கிரீன்விச்சில் கடிகாரத்தின் தட்டைக் காதால் எண்ணிக்கொண்டே, மீன் நூலைக் கடப்பதைக் கண்ணால் பார்த்து நேரம் குறிப்பார்கள். அரசவைக் கணியர் மாஸ்கலின், தன் குறிப்புக்கும் உதவியாளர் கின்புரூக்கின் குறிப்புக்கும் நடுவே முக்கால் நொடிக்கும் மேல் வித்தியாசம் வருவதைக் கண்டு, 1796இல் அவரை வேலையைவிட்டு நீக்கினார். பிறகு ஜெர்மானியக் கணியர் பெஸ்ஸல் இதை ஆராய்ந்தபோதுதான், ஒவ்வொரு மனிதருக்கும் அப்படி ஒரு நிலையான சாய்வு இருப்பது தெரியவந்தது. அதைக் கணக்கில் கழித்துக்கொண்டால் போதும். கின்புரூக்கிடம் சோம்பல் இல்லை, அவர் கண்ணும் காதும் அப்படி அமைந்திருந்தன.

ஆகவே உங்கள் குழாத்தின் உறுப்பினர் பட்டியலில் பெயர், பதவியோடு 'பாட்டுச் சாய்வு' என்று ஒரு பத்தியும் சேருங்கள். +3, −1 என்று. ஒரு பாத்திரத்தை அறிமுகப்படுத்த இதைவிடச் சுருக்கமான வழி எனக்குத் தெரியாது.

பத்தாம் படி: சடங்கு

மீன் நூலைத் தொட்டதும் ராக்காவல்காரர் 'பொழுதினை' என்று எடுக்கிறார். யாரும் கைதட்டித் தொடங்கி வைப்பதில்லை, வானம்தான் தொடங்கி வைக்கிறது. மேகம் மூடிய இரவில் கணக்குப்படி வரவேண்டிய நேரத்தில் பாடுவார்கள், ஆனால் ஏட்டில் அன்றைய புள்ளி வெறும் வட்டமாக இருக்கும். எட்டாம் பாட்டில் குறிப்பேடு ஏந்துவதைச் சொல்லிவிட்டேன். ஒன்பதாம் பாட்டில் எல்லாரும் தலை குனிவார்கள், பிழை அவர்களுடையது என்பதால்.

'மறுபடி வந்து' என்றதும் குரல் நிற்கும். ஊசல் மட்டும் ஆடிக்கொண்டிருக்கும். ராக்காவல்காரர் கடிகாரத்தைப் பார்த்து, நேற்றைய நேரத்தோடு எத்தனை நொடி வித்தியாசம் என்று எழுதுவார். பாடாத அந்த நாலு சீருக்கும் நாலு தட்டு வாய் திறக்காமல் எண்ணுவார்கள். ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு. பிறகு விளக்கைத் தணித்துவிட்டு, அவரைத் தவிர மற்ற எல்லாரும் இறங்கிப் போய்விடுவார்கள்.